சேர்த்துப் போட்ட கட்டில்

என் அண்ணிக்கு லாட்ஜில் 'சமதளம்' என்று பெயர். வைத்தவர் மேனேஜர். கட்டிலை விரித்து முடித்ததும் அண்ணி தன் உள்ளங்கையைப் படுக்கைமேல் பரப்பி, தலைமாட்டிலிருந்து கால்மாடு வரை மெல்ல இழுத்துக்கொண்டு போவாள். அப்போது அவள் கண் பாதி மூடியிருக்கும். கை எங்கேயாவது ஒரு நூலளவு இறங்கினால் போதும், விரித்த அத்தனையையும் உருவிப் போட்டுவிட்டு முதலிலிருந்து ஆரம்பிப்பாள். பக்கத்தில் நிற்கிற எனக்குப் பற்றிக்கொண்டு வரும்.

ரயில் நிலையத்துக்கு எதிரே இருக்கிற லாட்ஜ் அது. எல்லா அறையிலும் இரண்டு ஒற்றைக் கட்டில்கள்தான். நண்பர்கள், கூட வேலை பார்க்கிறவர்கள் என்று வந்தால் அப்படியே கொடுத்துவிடுவோம். கணவன் மனைவி வந்தால் மேனேஜர் கீழேயிருந்து "சேத்துப் போடு!" என்று கத்துவார். அவர்கள் போனதும் "பிரிச்சுப் போடு!" அண்ணியின் பகல் பூராவும் இப்படியே போகும். கட்டில்களை நெருக்கி, கால்களைத் துணிப்பட்டையால் சேர்த்துக் கட்டுவாள். இரண்டு மெத்தைக்கும் நடுவில் விழுகிற பள்ளத்தில் பழைய போர்வையை இறுக்கிச் சுருட்டித் திணிப்பாள். மேலே இன்னொரு போர்வையை மடித்துப் போட்டு, அதற்கும் மேலே பெரிய விரிப்பை மேளத்தோல் மாதிரி இழுத்துச் செருகுவாள். அதற்கப்புறம் அந்த இடத்தில் இரண்டு மெத்தை இருக்கிறது என்று சத்தியம் பண்ணினாலும் யாரும் நம்பமாட்டார்கள்.

நான் அதே லாட்ஜில் துணி துவைக்கிற பகுதியில் இருக்கிறேன். மிஷினில் போட்டு எடுத்து, மொட்டைமாடிக் கொடியில் காயவைத்து, மடித்துக் கீழே அனுப்புவது என் வேலை. வாய் கொஞ்சம் நீளம் என்று எல்லோரும் சொல்வார்கள். இருக்கட்டுமே, உண்மையைப் பேசுகிற வாய் நீளமாகத்தான் தெரியும்.

மதியம் சாப்பிட்டுவிட்டு அண்ணியும் மாடிக்கு வருவாள். நாலு பக்கமும் வெள்ளை விரிப்புகள் காற்றில் உப்பி உப்பி அடங்கும். சூடான துணி வாசனைக்கு எனக்குக் கண் சொருகிவிடும். அண்ணிக்குச் சொருகாது. அவள் விரிப்புகளையே பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருப்பாள். ஒருநாள் கேட்டேன், "அப்படி என்னதான் யோசிப்பீங்க அண்ணி?"

"ஒண்ணுமில்ல. ஒரு தடவையாவது இப்படி ஒரு பெரிய படுக்கையில, உங்க அண்ணன் பக்கத்துல, முழுசா ஒரு தூக்கம் தூங்கணும். எந்திரிக்கறப்போ அவரும் பக்கத்துல இருக்கணும். அவ்வளவுதான்."

ஊரில் உள்ளவர்களுக்கெல்லாம் கட்டிலைச் சேர்த்துப் போட்டவள், கல்யாணமான நாளிலிருந்து ஒற்றைக் கட்டிலில் ஒருக்களித்துப் படுத்தவள். என் அண்ணன் சரக்குக் கப்பலில் இயந்திர அறை ஆள். வருவான், லீவு முடியும், போவான். வந்தாலும் ஊரே தூங்கும்போது எழுந்து உட்காருவான், ஊரே சாப்பிடும்போது தூங்குவான். கப்பலில் நாலு மணி நேரம் வேலை, எட்டு மணி நேரம் ஓய்வு என்று மாறி மாறி ஓடிய உடம்பு. அதை வீட்டுக் கடிகாரத்துக்குப் பழக்குவதற்குள் லீவு முடிந்துவிடும். அண்ணி மறுபடியும் வானிலைச் செய்தியைக் கேட்டுக்கொண்டு கொட்டக் கொட்ட விழித்திருப்பாள். இங்கே ஒரு தூறலும் இருக்காது. எங்கேயோ ஒரு கடலில் புயல் என்றால் இவளுக்கு இங்கே தூக்கம் போய்விடும்.

அப்படியிருந்தவனுடைய கப்பலை, பழசாகிவிட்டது என்று உடைக்க விற்றுவிட்டார்கள். அண்ணன் வீட்டுக்கு வந்தான். வெளிநாட்டிலிருந்து வருகிற மனுஷன் சோப்பு கொண்டுவருவான், சென்ட் கொண்டுவருவான். எங்கள் அண்ணன் டாக்சிக் கூரைமேல் ஒரு மெத்தையைக் கட்டிக் கொண்டுவந்தான்!

"இதென்னண்ணே, கப்பலையே உடைச்சு உம்பங்கைக் குடுத்துட்டாங்களா?" என்றேன்.

"போடி வாயாடி. எத்தனை வருஷம் இதுல படுத்திருப்பேன்? தூக்கிக் கடல்ல போடுறேன்னானுங்க. மனசு கேக்கல."

சரியான அவலட்சணம் அந்த மெத்தை. குறுகல், கட்டை மாதிரி கெட்டி, ஒரு மூலை சாய்வாக வெட்டியிருந்தது. அந்த மூலையில் கப்பல் குழாய் ஒன்று போகுமாம். நீளத்திலும் ஒரு சாண் குறைவு. அதைத் தோளில் சுமந்துகொண்டு அவன் மாடிப்படி ஏறியதைத் தெருவே வேடிக்கை பார்த்தது. கீழ்வீட்டில் இருக்கிற நான் வெட்கத்தில் கதவைச் சாத்திக்கொண்டேன்.

அண்ணிக்கு மட்டும் அந்த மெத்தையைப் பார்த்ததும் முகம் மலர்ந்துபோயிற்று. அவர்களுடைய மகளைக் கட்டிக்கொடுத்து அனுப்பியதிலிருந்து அந்தப் பெண்ணின் கட்டில் சும்மாதான் கிடந்தது. மெத்தையைக்கூட மகளோடு அனுப்பியாயிற்று. இப்போது கட்டில் இரண்டு, மெத்தையும் இரண்டு. "சேத்துப் போட்டுடலாம்" என்றாள் என்னிடம். சின்னப் பெண் மாதிரி குரல் நடுங்கியது. மேனேஜர் கத்தாமல் அவள் தானாகச் சொன்ன முதல் 'சேத்துப் போடு' அதுதான்.

அந்த ஞாயிற்றுக்கிழமையை நான் மறக்கமாட்டேன். அண்ணியின் மெத்தை லாட்ஜ் கழித்துப் போட்ட பழைய ஸ்பான்ஜ் மெத்தை, தடிப்பானது. அண்ணனுடையது நாலு விரல் தாழ்ந்து கிடந்தது. அதற்கடியில் போர்வைகளை மடித்து வைத்து உயர்த்தினாள். வெட்டுப்பட்ட மூலைக்கு அளவெடுத்து ஸ்பான்ஜில் முக்கோணம் வெட்டிப் பொருத்தினாள். குறைந்த ஒரு சாணுக்குக் கால்மாட்டில் ஒரு திண்டு தைத்தாள். நடுப்பள்ளத்தில் போர்வைச் சுருளைத் திணித்து முழங்கையால் குத்திக் குத்தி இறக்கினாள். வியர்வை வழிந்தது. நான் தண்ணீர் கொடுத்தால் குடிக்கக்கூட நேரமில்லை. கடைசியில் விரிப்பை இழுத்துச் செருகிவிட்டு, கண்ணைப் பாதி மூடிக்கொண்டு உள்ளங்கையை ஓட்டினாள். இந்தக் கரையிலிருந்து அந்தக் கரைக்குக் கை வழுக்கிக்கொண்டு போயிற்று. ஜன்னல் வெயில் அந்த வெள்ளைமேல் விழுந்து அறையே மிதப்பது போல இருந்தது. அண்ணன் வாசலில் நின்று வாயைப் பிளந்தான்.

"அடேயப்பா! இது என்ன கட்டிலா, மைதானமா?"

"ஏறிப் படுத்துப் பாருங்க" என்றாள் அண்ணி.

படுத்தான். செத்தவன் மாதிரி கையை நெஞ்சில் வைத்துக்கொண்டு நேராகப் படுத்தான். "நல்லா இருக்கு, நல்லா இருக்கு" என்றான். இரண்டு தடவை சொன்னபோதே எனக்குச் சந்தேகம்.

மறுநாளிலிருந்து ஆரம்பித்தது வினை. காலையில் நான் கோலமாவும் கையுமாக, பாதி தூக்கத்தில், வாசலைத் திறந்தால் மாடிப்படியில் அண்ணன் உட்கார்ந்திருப்பான். கண்ணிரண்டும் சிவந்து கிடக்கும். கேட்டால், "காத்து வாங்குறேன்" என்பான். பகலில் நாற்காலியில் தலை தொங்கும், திடுக்கிட்டு எழுவான். தரை ஆடாமல் நிற்பதே அவனுக்குத் தலைசுற்றலாக இருந்தது. ஒருநாள் குளியலறைச் சுவருக்கும் தண்ணீர்ப் பீப்பாய்க்கும் நடுவில் குந்தியபடி தூங்கிவிட்டான். அண்ணி கதவைத் தட்டித் தட்டி அழுதேவிட்டாள்.

அவளும் சும்மா இருக்கிற ஆளா? படுக்கை சரியில்லை, அதனால்தான் தூக்கம் வரவில்லை என்று முடிவு கட்டிவிட்டாள். தினமும் லாட்ஜிலிருந்து வந்ததும் எல்லாவற்றையும் பிரிப்பாள். போர்வைச் சுருளை இன்னும் இறுக்குவாள். இன்னொரு மடிப்பு வைப்பாள். படுக்கை நாளுக்கு நாள் கண்ணாடியானது. அண்ணன் நாளுக்கு நாள் பேயானான்.

இதற்கு நடுவில் கப்பல் கம்பெனி ஆள் வந்து சேர்ந்தார். கழுத்துப்பட்டை வைத்த சட்டை, கையில் தோல்பை, சிரித்த முகம். கொள்ளிவாய்ப் பிசாசு என்று நான் மனசுக்குள் பெயர் வைத்தேன். புதுக் கப்பல் ஒன்று புறப்படுகிறதாம், அண்ணன் மாதிரி அனுபவமான ஆள் வேண்டுமாம், ரெண்டு வருஷ ஒப்பந்தமாம். வியாழக்கிழமை காலையில் வருவாராம், ஒரே வார்த்தையில் பதில் சொன்னால் போதுமாம்.

அண்ணன் முடியாது என்று சொல்லவில்லை. "பாக்கலாம்" என்றான். சமையலறையில் பாத்திரம் ஒன்று விழுந்தது.

அவர் போனதும் அண்ணனை மாடிப்படிக்கு இழுத்துவந்து பொரிந்து தள்ளிவிட்டேன். "என்ன பாக்கலாம்? இத்தனை வருஷம் பாத்தது போதாதா? அண்ணி உனக்காக எப்படிக் காத்துக்கிடந்தாங்கன்னு தெரியுமா? உனக்கெல்லாம் மனசுன்னு ஒண்ணு இருக்கா?"

"மனசு இருக்குடி. தூக்கம்தான் இல்ல" என்றான் அண்ணன். திட்டினால் திருப்பித் திட்டுகிறவன், அன்றைக்குத் தரையைப் பார்த்துப் பேசினான். "தூங்காத மனுஷன் எத்தனை நாள் நடமாடுவான்? கப்பல்ல படுத்தா அடிச்சுப் போட்ட மாதிரி தூங்குவேன். இங்க கண்ணை மூடுனா எங்கயோ விழுற மாதிரி இருக்கு. அவகிட்ட எப்படிச் சொல்றது? அவ்வளவு ஆசையா போட்டிருக்கா."

திட்டுவதை விட்டுவிட்டு அவன் பக்கத்தில் படியில் உட்கார்ந்தேன். அபூர்வமாக நடக்கிற விஷயம் அது.

செவ்வாய்க்கிழமை நான் ஒரு காரியம் செய்தேன். நல்லது நினைத்துச் செய்யவில்லை, அதையும் சொல்லிவிடுகிறேன். அண்ணி வீட்டுப் போர்வைகளில் வியர்வை வாடை வந்துவிட்டது என்று, லாட்ஜுக்குக் கிளம்புமுன் மாடியேறி, அண்ணன் டீக்கடைக்குப் போயிருந்த நேரத்தில், நடுவில் திணித்திருந்த சுருளையும் மேலே போட்டிருந்த மடிப்பையும் உருவிக்கொண்டு துவைக்கப் போய்விட்டேன். விரிப்பைத் திரும்பச் செருகி வைத்தேன். பார்வைக்கு முன்பு மாதிரியேதான் இருந்தது.

அன்று மதியம் லாட்ஜில் கூட்டமில்லை. மேனேஜர் எங்களைச் சீக்கிரம் அனுப்பிவிட்டார். காய்ந்த போர்வைகளோடு நானும் அண்ணியும் வீடு வந்து சேர்ந்தோம். தெருவே வெயிலில் கிறங்கிக் கிடந்தது. எங்கேயோ ஒரு ரேடியோ தனக்குத்தானே பேசிக்கொண்டிருந்தது. மாடிக் கதவைத் தள்ளினால் முதலில் சத்தம்தான் வந்தது. குறட்டை! நிதானமான, ஆழமான, இயந்திரம் ஓடுவது மாதிரியான குறட்டை.

கட்டிலில் ஆளைக் காணோம். கிட்டப் போய்ப் பார்த்தால், இரண்டு மெத்தைக்கும் நடுவில், விரிப்போடு சேர்ந்து உள்ளே அமுங்கி, அண்ணன் கிடக்கிறான். இந்தப் பக்கம் ஸ்பான்ஜ் மெத்தை தோளை அணைக்கிறது, அந்தப் பக்கம் கப்பல் மெத்தை முதுகைத் தாங்குகிறது. வாய் லேசாகத் திறந்திருக்கிறது. இத்தனை நாள் இறுகிக் கிடந்த முகம் குழந்தை முகமாகிவிட்டிருந்தது.

அண்ணி கையில் போர்வையோடு நின்றாள். அவள் விரல்கள் போர்வையைத் தானாகவே சுருட்ட ஆரம்பித்தன. பள்ளம் கண்டால் அடைக்கிற கை அது. நான் அந்தக் கையைப் பிடித்துக்கொண்டேன்.

வெயில் சாய்ந்தபிறகுதான் அண்ணன் விழித்தான். எங்களைப் பார்த்ததும் திருடன் மாதிரி விழித்தான். அண்ணி மெதுவாகக் கேட்டாள், "என்னங்க, இந்தப் பள்ளத்துலயா தூக்கம் வந்துச்சு?"

அப்புறம்தான் எல்லாம் வெளியே வந்தது. கப்பல் படுக்கைக்கு ஒரு பக்கம் சுவராம், மறுபக்கம் பலகையாம். பெரிய அலை அடித்தால் அதுவும் போதாதாம். மெத்தையின் வெளியோரத்துக்கு அடியில் லைஃப் ஜாக்கெட் என்கிற மிதவைச் சட்டையைச் செருகி, மெத்தையைச் சுவர்ப் பக்கம் சாய்த்து, அந்தப் பள்ளத்தில் உடம்பைச் செருகிக்கொள்வார்களாம். அப்படிப் படுத்தால்தான் உருளமாட்டார்களாம். இரண்டு பக்கமும் ஏதாவது தொட்டால்தான் அவன் உடம்பு பயப்படாமல் தூங்குமாம். சமமாக விரிந்து கிடக்கிற படுக்கை அவனுக்கு நடுக்கடலாம்.

அண்ணி முகம் சிவந்துவிட்டது. "இதை வாயைத் திறந்து சொல்றதுக்கு என்ன? நான் என்னமோ மாங்கு மாங்குன்னு அடைச்சேனே! எல்லாத்தையும் சமமாக்கிச் சமமாக்கி, உங்களை வீட்டை விட்டே துரத்தப் பாத்தேனா?" என்று தலையில் அடித்துக்கொண்டாள். கோபம் பாதி, அழுகை பாதி. அண்ணன் அவள் கையைப் பிடிக்கப் போனான். என்னைப் பார்த்ததும் விட்டுவிட்டான். சரி, நமக்கு இங்கே வேலையில்லை என்று நான் கீழே இறங்கிவிட்டேன்.

ஆனால் அதோடு முடிந்துவிடவில்லை. அன்று ராத்திரி அவள் பக்கத்தில் படுத்ததும் அவனுக்கு மறுபடி தூக்கம் போய்விட்டதாம். அவனுக்கு இடைஞ்சலாகிவிடக் கூடாதென்று இவள் கட்டிலின் வெளியோரத்தில் ஒட்டிக்கொண்டு கிடந்தாளாம். தான் அசைந்தால் இவள் விழுந்துவிடுவாளோ என்று அவன் மூச்சைப் பிடித்துக்கொண்டு கிடந்தானாம். நல்ல ஜோடி! புதன்கிழமை காலையில் இருவருமே சிவந்த கண்ணோடு இறங்கி வந்தார்கள். அண்ணன் பயணப் பையைத் தூசி தட்டி வெயிலில் வைத்தான். அண்ணி அதைப் பார்த்தும் பார்க்காதது போல நடந்தாள்.

லாட்ஜ் மாடியில் அவளிடம் சொன்னேன். "அண்ணி, நாளைக்கு அந்தாளு வந்துடுவாரு. அண்ணனைப் போகாதீங்கன்னு ஒரு வார்த்தை கேளுங்க. நீங்க கேட்டா இருந்துடும்."

"கேட்டா இருப்பாரு, எனக்குத் தெரியும்" என்றாள். "எனக்காக இருந்துட்டு, தூங்காம உருகுவாரு. அப்படி ஒரு மனுஷனைப் பக்கத்துல வெச்சுக்கிட்டு நான் என்ன சந்தோஷத்தைக் கண்டேன்? நான் கேக்க மாட்டேன்."

சொல்லிவிட்டு மடித்த விரிப்பில் முகத்தைப் புதைத்துக்கொண்டாள். எனக்கு அவள்மேல் கோபம் கோபமாக வந்தது. கட்டிப்பிடித்துக்கொண்டு அழவும் தோன்றியது. இரண்டில் எதையும் செய்யாமல் கொடியில் துணி போடப் போனேன்.

சாயங்காலம் மாடியில் கட்டில் நகரும் சத்தம் கேட்டது. பிரித்துப் போடுகிறாளோ என்று ஏறிப் போய்ப் பார்த்தேன். அண்ணன் வீட்டில் இல்லை. அண்ணி கட்டில்கால் பட்டைகளை அவிழ்த்துத் தளர்த்திக் கட்டிக்கொண்டிருந்தாள். நடுவில் ஒரு சாண் இடைவெளி. அதில் பலகை கொடுத்து, கீழே விழாமல் அடைத்திருந்தாள். இரண்டு மெத்தையின் வெளியோரத்துக்கும் அடியில் போர்வைச் சுருளைச் செருகினாள். மெத்தைகள் இரண்டும் உள்பக்கமாகச் சாய்ந்தன. மேலே விரிப்பை இழுக்காமல் தொளதொளவென்று போட்டாள். பெரியவர்கள் படுக்கிற தொட்டில் மாதிரி இருந்தது அது.

பழக்கம் விடுமா? கண்ணைப் பாதி மூடிக்கொண்டு உள்ளங்கையை ஓட்டிப் பார்த்தாள். கை மெல்ல இறங்கி, அடியில் போய் நின்றது. அங்கேயே கொஞ்ச நேரம் வைத்திருந்தாள்.

"இதை மேனேஜர் பாத்தா உங்களை வேலைய விட்டே தூக்கிடுவாரு" என்றேன்.

"பாக்கட்டும்" என்றாள்.

வியாழக்கிழமை காலையில் லாட்ஜுக்குக் கிளம்ப நான் வாசலில் நின்றேன். அண்ணி வரவில்லை. ஒருநாளும் தாமதமாக வராதவள். கொஞ்ச நேரம் பொறுத்துப் பார்த்தேன். படியில் அண்ணனையும் காணோம். ராத்திரியே சண்டை போட்டுக்கொண்டு கிளம்பிவிட்டானோ, இவள் தனியாக உட்கார்ந்து அழுகிறாளோ என்று ஏதேதோ நினைப்பு. மாடிக்கு ஓடினேன். கதவு தாழிடாமல் சாத்தியிருந்தது.

ஜன்னல் திரையில் வெயில் மஞ்சளாகத் தேங்கியிருந்தது. திரை ஒரு தடவை உப்பியது, அடங்கியது. அறை முழுக்க இரண்டு குறட்டைச் சத்தம், ஒன்றுக்கொன்று பதில் சொல்வது மாதிரி. பள்ளத்தில் அண்ணன் ஒருக்களித்துக் கிடந்தான். அவனுக்கு முதுகுப் பக்கம் கப்பல் மெத்தை. முன்பக்கம் அண்ணி. ஓரத்தில் படுத்தவள் சரிவில் உருண்டு வந்து விழுந்திருக்கிறாள், பாவம். அவன் நெஞ்சுக்கும் அவள் மெத்தைக்கும் நடுவில் நன்றாக மாட்டிக்கொண்டு, வாயைத் திறந்து, தலைமயிர் கலைந்து, உலகம் தெரியாமல் தூங்கினாள். பூனை நடந்தாலும் விழிக்கிறவள், நான் கதவைத் திறந்தும் அசையவில்லை. அவளை நான் இப்படிப் பார்த்ததே இல்லை. எனக்குச் சிரிப்பு வந்தது, கண்ணீரும் வந்தது. முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டேன்.

கீழே தெருவில் கார்க் கதவு சாத்துகிற சத்தம் கேட்டது. கம்பெனி ஆள் படியேறி வந்தார். தோல்பை, சிரித்த முகம், எல்லாம் அதேதான். நான் வாசலை மறித்து நின்றுகொண்டேன்.

"அண்ணன் இருக்காரா?"

"இருக்கு. தூங்குது."

"எழுப்புங்கம்மா. கப்பல் காத்துக்கிட்டிருக்கு. வர்றாரா இல்லையா, ஒரே வார்த்தை."

நான் எழுப்பமாட்டேன், ஒரு தூக்கம் தூங்கவிடுங்கள் என்று சொல்ல வாயெடுத்தேன். குரல் கொஞ்சம் உயர்ந்துவிட்டது போலிருக்கிறது. உள்ளே ஒரு குறட்டை நின்றது. திரும்பிப் பார்த்தேன். அண்ணன் கண்ணைத் திறந்திருந்தான். எழுந்திருக்கவில்லை. அவன் கைமேல் அண்ணியின் தலை. அந்தக் கையை அசைக்காமல், இன்னொரு கையால் என்னைப் பக்கத்தில் கூப்பிட்டான். குனிந்தேன்.

"நான் கப்பலை விட்டு இறங்கிட்டேன்னு சொல்லு" என்றான் காதோடு. "சத்தம் போடாம சொல்லு வாயாடி. அவ தூங்குறா."